பிலால்: தொண்டையை நனைக்கும் ஒரு பெயர் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

எங்கள் குடும்பத்தில் ஒரு பிள்ளைக்கு ‘பிலால்’ என்று பெயர் வைத்தோம். அன்றிலிருந்து சொந்தக்காரர்களும் தெரிந்தவர்களும் அந்தப் பெயரைப் பற்றி ஏதாவது கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். எனக்குப் பிடித்த பெயர் என்பதால் ஒவ்வொருவரிடமும் அரைமணி நேரமாவது பேசிவிடுவேன். திரும்பத் திரும்ப வந்த கேள்விகளையும் நான் சொன்ன பதில்களையும் இங்கே எழுதி வைத்திருக்கிறேன். பிள்ளைக்குப் பெயர் தேடிக்கொண்டிருப்பவர்களுக்கு உதவும்.

பிலால் என்றால் என்ன பொருள்?

நனைப்பது. தொண்டையை நனைக்கப் போதுமான தண்ணீர், அல்லது பால்.

அரபியில் ‘பல்ல’ என்றால் நனைத்தான், ஈரமாக்கினான் என்று பொருள். அந்த வேரிலிருந்து வந்த சொல்தான் பிலால். தோல்பையில் தண்ணீர் சுமந்து பாலைவனத்தில் போனவர்கள், “உன் பையில் பிலால் இல்லை” என்றால் ஒரு மிடறுகூட மிச்சமில்லை என்று அர்த்தம். ஆறாக ஓடும் தண்ணீரையோ கிணறு நிறையக் கிடக்கும் தண்ணீரையோ இந்தச் சொல் குறிப்பதில்லை. வறண்ட நாக்கு திரும்பவும் அசைவதற்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவுதான்.

நம் வீடுகளில் வெயிலில் வந்தவரைப் பார்த்ததும், “முதல்ல தொண்டைய நனைச்சுக்குங்க, அப்புறம் பேசலாம்” என்று ஒரு செம்பு தண்ணீரை நீட்டுவோம் இல்லையா? அந்தத் தண்ணீர்தான் பிலால்.

பெயர்ப் பட்டியல்களில் ‘பாங்கு (தொழுகைக்கான அழைப்பு) சொல்பவர்’, ‘வெற்றி பெற்றவர்’ என்றெல்லாம் போட்டிருக்கிறதே?

‘பாங்கு சொல்பவர்’ என்பது சொல்லின் பொருள் அல்ல, அந்தப் பெயரைத் தாங்கிய மனிதரின் பணி. பாங்கு சொல்பவருக்கு அரபியில் ‘முஅத்தின்’ என்ற தனிச் சொல் இருக்கிறது. ‘வெற்றி பெற்றவர்’ என்பதும் பிலால் என்ற சொல்லின் நேர்ப் பொருள் அல்ல. ‘தாகம் தணிப்பவர்’ என்று எழுதியிருந்தால் அது கிட்டத்தட்ட சரி.

ஈரம் என்றால் வெறும் தண்ணீர்தானா?

இந்தக் கேள்வியை யாராவது கேட்டால் எனக்கு உள்ளுக்குள் ஒரு சந்தோஷம் வரும். ஏனென்றால் இங்கே அரபியும் தமிழும் ஒன்றுபோலவே யோசித்திருக்கின்றன.

“உம்முடைய நெருங்கிய உறவினர்களை எச்சரிப்பீராக” என்ற குர்ஆன் வசனம் (26:214) இறங்கியபோது, நபிகள் நாயகம் (ஸல்) குறைஷிக் குலத்தாரைக் கூட்டினார்கள். ஒவ்வொரு கிளையையும் பெயர் சொல்லி அழைத்து, கடைசியில் மகள் ஃபாத்திமாவையும் அழைத்து, “உங்களை நீங்களே காப்பாற்றிக்கொள்ளுங்கள், அல்லாஹ்விடத்தில் உங்களுக்காக என்னால் எதுவும் செய்ய முடியாது” என்றார்கள். கண்டிப்பான பேச்சு. ஆனால் முடிக்கும்போது, “உங்களோடு எனக்கு இரத்த உறவு இருக்கிறது, அதை அதற்குரிய ஈரத்தால் நனைத்துக்கொண்டே இருப்பேன்” என்று சேர்த்தார்கள். ‘ஸஹீஹ் முஸ்லிம்’ என்ற ஹதீஸ் (நபிமொழி) தொகுப்பில் இது இருக்கிறது. அரபி வாசகத்தில் ‘ஈரம்’ என்ற இடத்தில் நிற்பது இதே பிலால் என்ற சொல்தான். (முதல் எழுத்தை ‘ப’ என்றும் ‘பி’ என்றும் இரண்டு விதமாக வாசிக்கிறார்கள்.)

காய்ந்த தோல் வெடித்துவிடும், நனைத்தால் இளகும். உறவும் அப்படித்தான் என்று அரபிகள் பார்த்தார்கள். உறவை முறிப்பதற்கு ‘காய்தல்’, பேணுவதற்கு ‘நனைத்தல்’.

தமிழில் இதை விளக்கவே வேண்டியதில்லை. இரக்கமில்லாதவனை ‘நெஞ்சில் ஈரமில்லாதவன்’ என்கிறோம். “இன்சொலால் ஈரம் அளைஇ” என்று தொடங்குகிறது 91-வது குறள். அங்கே ஈரம் என்பது அன்பு. ‘பிலால்’ என்ற பெயரை ஒரே சொல்லில் தமிழாக்கச் சொன்னால் நான் ‘ஈரம்’ என்றுதான் சொல்வேன். பொருள் ஒன்றும் சிந்தாமல் வந்து சேர்ந்துவிடும்.

இந்தப் பெயருக்கு இவ்வளவு மதிப்பைத் தந்தவர் யார்?

பிலால் இப்னு ரபாஹ் (ரலி). மக்காவில் பிறந்தவர். தாயார் ஹமாமா அபிசீனியாவை (இன்றைய எத்தியோப்பியா) சேர்ந்தவர், அடிமைப் பெண். ஹமாமா என்றால் புறா.

மக்காவில் பனூ ஜுமஹ் கிளையின் தலைவர்களில் ஒருவனான உமையா இப்னு கலஃபிடம் பிலால் அடிமையாக இருந்தார். இஸ்லாத்தின் ஆரம்ப நாட்களிலேயே அதை ஏற்றுக்கொண்டார். உமையாவுக்கு அது பொறுக்கவில்லை. உச்சி வெயிலில் மக்காவுக்கு வெளியே கொண்டுபோய், கொதிக்கும் மணலில் மல்லாக்கக் கிடத்தி, நெஞ்சின் மேல் பெரிய பாறையை ஏற்றச் சொன்னான். முஹம்மதை மறுத்துவிட்டு லாத்தையும் உஸ்ஸாவையும் வணங்கு, இல்லாவிட்டால் செத்துப்போகும் வரை இப்படியே கிட என்றான். பிலால் சொன்னது ஒரே சொல்: “அஹத், அஹத்.” ஒருவன், அவன் ஒருவன்.

பெயரின் பொருள் தெரிந்த பிறகு இந்தக் காட்சியை என்னால் சாதாரணமாக வாசிக்க முடிந்ததே இல்லை. ‘தொண்டை நனைக்கும் தண்ணீர்’ என்று பெற்றவர்கள் பெயர் வைத்த பிள்ளை, ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லாமல் மணலில் கிடக்கிறது. அந்த வறண்ட தொண்டையிலிருந்துதான் அந்தச் சொல் வருகிறது.

நபிகளாரின் நெருங்கிய தோழர் அபூபக்ர் (ரலி) அவரை உமையாவிடமிருந்து மீட்டு விடுதலை செய்தார். பின்னாளில், முஸ்லிம்களின் இரண்டாம் கலீஃபா உமர் (ரலி), “அபூபக்ர் எங்கள் தலைவர். எங்கள் தலைவரை விடுதலை செய்தவரும் அவரே” என்று சொன்னதை ஹதீஸ் தொகுப்பாளர் புகாரி பதிவு செய்திருக்கிறார். இரண்டாவதாகச் சொன்ன ‘தலைவர்’ பிலால். குறைஷிகளில் பெரிய குடும்பத்தில் பிறந்த ஒருவர், நேற்றுவரை சந்தையில் விலை பேசப்பட்ட ஒருவரை ‘ஸய்யிதுனா’ (எங்கள் தலைவர்) என்கிறார்.

622-இல் நபிகளாரும் தோழர்களும் மதீனாவுக்கு இடம்பெயர்ந்த ஹிஜ்ரத். 624-இல் பத்ருப் போர். அந்தப் போரில்தான் உமையா கொல்லப்பட்டான்.

மதீனாவில் அவர் பாங்கு மட்டும்தான் சொன்னாரா?

இல்லை. நபிகளாரின் வீட்டு வரவுசெலவு அவர் கையில்தான் இருந்தது. பல வருடங்களுக்குப் பிறகு சிரியாவின் ஹலப் (அலெப்போ) நகரில் ஒருவர் அவரைச் சந்தித்து, “நபிகளாரின் செலவுகள் எப்படி நடந்தன?” என்று கேட்டார். உடுத்தத் துணியில்லாமல் யாராவது வந்தால், நபிகளார் தன்னிடம் சொல்வார்கள், தான் போய்க் கடன் வாங்கி, அவருக்கு மேலாடை வாங்கிப் போர்த்தி, சாப்பாடும் கொடுப்பேன் என்று பிலால் பதில் சொன்னார். அபூதாவூத் ஹதீஸ் தொகுப்பில் இந்த நீண்ட அறிவிப்பு இருக்கிறது. பாங்கு சொன்னவர் என்பது எல்லோருக்கும் தெரியும், ஏழைக்காகக் கடன்காரனிடம் போய் நின்றவர் என்பது பலருக்குத் தெரியாது. பிள்ளைகளுக்கு இதைத்தான் முதலில் சொல்ல வேண்டும் என்பது என் எண்ணம்.

மதீனாவுக்கு வந்த புதிதில் அவருக்குக் கடுமையான காய்ச்சல். கொஞ்சம் தணியும்போதெல்லாம் குரலை உயர்த்திப் பாடுவாராம்: இத்கிர் புல்லும் ஜலீல் புல்லும் சூழ்ந்த அந்தப் பள்ளத்தாக்கில் இன்னும் ஒரு இரவாவது தங்குவேனா? மஜன்னாவின் தண்ணீரை இனி ஒருநாள் போய்க் குடிப்பேனா? ஷாமா, தஃபீல் மலைகள் என் கண்ணில் படுமா? தன்னைச் சித்திரவதை செய்த ஊர்தான். ஆனாலும் பிறந்த ஊரின் புல்லும் தண்ணீரும் மலையும் காய்ச்சலில் அவருக்கு ஞாபகம் வந்திருக்கின்றன.

பாங்கு சொல்ல ஏன் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள்?

தொழுகைக்கு மக்களை எப்படி அழைப்பது என்று மதீனாவில் ஆலோசனை நடந்தது. கொம்பு ஊதலாம், மணி அடிக்கலாம் என்று ஆளுக்கொரு யோசனை. அப்துல்லாஹ் இப்னு ஸைத் (ரலி) என்ற மதீனாவாசி, பாங்கின் வாசகங்களைக் கனவில் கேட்டதாக வந்து சொன்னார். கனவு கண்டவரே சொல்லட்டும் என்று விட்டிருக்கலாம். ஆனால் நபிகளார், “பிலாலுடன் எழுந்து நின்று அவருக்குச் சொல்லிக்கொடும், அவர் குரல் உம் குரலைவிட ‘அந்தா’வானது” என்றார்கள். அப்துல்லாஹ் பக்கத்தில் நின்று ஒவ்வொரு வாசகமாக எடுத்துக்கொடுக்க, பிலால் பாங்கு சொன்னார்.

அந்த ‘அந்தா’ என்ற சொல்லில் கொஞ்சம் நிற்க வேண்டும். ‘தூரம் போகும் குரல்’, ‘இனிமையான குரல்’ என்று மொழிபெயர்ப்பார்கள், சரிதான். ஆனால் அது ‘நதா’ என்ற சொல்லோடு ஒட்டியது. நதா என்றால் பனித்துளி, ஈரப்பதம். அழைப்பதைக் குறிக்கும் ‘நிதா’வும் அந்த ஈரத்திலிருந்து வந்ததே என்று பழைய அகராதிக்காரர்கள் விளக்கியிருக்கிறார்கள்: வாயில் ஈரம் இருப்பவனுக்கே பேச்சு நன்றாக வரும். ஆக, ஈரம் என்று பெயர் கொண்ட மனிதரைப் பற்றி, ‘உன் குரலைவிட ஈரமான குரல்’ என்று சொல்லப்பட்டிருக்கிறது!

அப்போது மினாரா கிடையாது. பள்ளிவாசலுக்குப் பக்கத்தில் பனூ நஜ்ஜார் கிளையைச் சேர்ந்த ஒரு பெண்ணின் வீடுதான் சுற்றுவட்டாரத்தில் உயரமானது. விடியலுக்கு முந்தைய ஸஹர் நேரத்திலேயே பிலால் அந்த வீட்டின் மேல் ஏறி, கிழக்கைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். வெளுக்கிறது என்று தெரிந்ததும் சோம்பல் முறித்து எழுந்து, குறைஷிகளுக்காக ஒரு துஆ (பிரார்த்தனை) கேட்டுவிட்டு, பாங்கு சொல்வார். ஒருநாள்கூட அந்த துஆவை அவர் விட்டதாகத் தனக்குத் தெரியாது என்று அந்த வீட்டுப் பெண்ணே சொல்லியிருக்கிறார்.

630-இல் மக்கா வெற்றி கொள்ளப்பட்ட நாளில் கஃபாவின் மேல் ஏறிப் பாங்கு சொன்னவரும் அவர்தான்.

அவருக்கு ‘ஷீன்’ (அரபியின் ‘ஷ’ எழுத்து) உச்சரிக்க வராது என்கிறார்களே?

மேடைகளில் அடிக்கடி கேட்கும் கதை. ‘அஷ்ஹது’ என்று சொல்ல வராமல் ‘அஸ்ஹது’ என்பாராம், “பிலாலின் ஸீன் (‘ஸ’ எழுத்து) அல்லாஹ்விடத்தில் ஷீன்” என்று நபிகளார் சொன்னார்களாம். கேட்க உருக்கமாகத்தான் இருக்கும். ஆனால் இதற்கு எந்த அடிப்படையும் இல்லை என்று இப்னு கஸீர் போன்ற ஹதீஸ் அறிஞர்கள் எழுதிவிட்டார்கள். குரலுக்காகவே தேர்ந்தெடுக்கப்பட்ட ஒருவருக்கு, மக்காவிலேயே பிறந்து வளர்ந்த ஒருவருக்கு, உச்சரிப்புக் குறையைச் சுமத்துவது எனக்கு வருத்தமாக இருக்கிறது. அவர் பாங்கு சொல்லாததால் பொழுது விடியவில்லை என்ற கதையும் இந்த வகைதான்.

கறுப்பாகப் பிறந்த பிள்ளைக்குத்தான் இந்தப் பெயர் வைப்பார்களா?

இதை என்னிடம் நேராகவே கேட்டிருக்கிறார்கள். இல்லை. எந்த நிறத்துப் பிள்ளைக்கும் வைக்கலாம், உலகம் முழுக்க அப்படித்தான் வைக்கிறார்கள். கறுத்த பிள்ளையைக் கேலியாக ‘பிலால்’ என்று கூப்பிடும் பழக்கம் சில வீடுகளில் உண்டு. அது மிகவும் தவறு. ஒருவரை அவருடைய தாயைச் சொல்லி இழிவாக ஏசியதற்காக, “உம்மிடம் இன்னும் அறியாமைக் காலத்துக் குணம் இருக்கிறது” என்று தன் தோழர் அபூதர் (ரலி) அவர்களையே நபிகளார் கண்டித்திருக்கிறார்கள். (ஏசப்பட்டவர் பிலால் என்று பலர் சொல்வார்கள், புகாரியின் அறிவிப்பில் பெயர் இல்லை.)

அப்படியானால் இது ஆப்பிரிக்கப் பெயரா, அரபிப் பெயரா?

சுத்தமான அரபிப் பெயர். முஸைனா என்ற அரபுக் குலத்தைச் சேர்ந்த பிலால் இப்னு ஹாரிஸ் என்ற இன்னொரு நபித்தோழரும் இருந்தார். உமரின் மகன் அப்துல்லாஹ், தன் பிள்ளைகளில் ஒருவருக்குப் பிலால் என்று பெயர் வைத்தார். கலீஃபாவின் பேரனுக்கு, குறைஷிப் பிள்ளைக்கு, அந்தப் பெயர். ‘எங்கள் தலைவர்’ என்று தாத்தா சொன்னதன் தொடர்ச்சியாகவே நான் அதைப் பார்க்கிறேன்.

உலகில் எங்கெல்லாம் இந்தப் பெயர் வாழ்கிறது?

முஸ்லிம்கள் இருக்கிற இடமெல்லாம் இருக்கிறது. துனீசியாவில் ‘பிலெல்’, வங்கதேசத்திலும் எகிப்திலும் ‘பெலால்’ என்று எழுதுவார்கள். ஆனால் சில இடங்களில் அது பெயர் என்பதைத் தாண்டிப் போய்விட்டது.

மாலிப் பேரரசை 13-ஆம் நூற்றாண்டில் நிறுவிய சுந்தியாட்டாவின் கெய்தா குலம், தன் முன்னோர் பிலாலி புனாமா என்று சொல்லிக்கொண்டது. பிலாலின் வழிவந்தவர்கள் என்று பாணர்கள் இன்றும் பாடுகிறார்கள். மொராக்கோவில், அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்த க்னாவா இசைக்காரர்களுக்கு அவர் ‘ஸீதி பிலால்’, தங்கள் ஆன்மிகத் தந்தை.

அமெரிக்காவில் இன்னும் ஆழமான கதை. ஜார்ஜியா மாநிலத்தின் கடலோரத்தில் சபேலோ என்றொரு தீவு. 19-ஆம் நூற்றாண்டில் அங்கே ஒரு தோட்டத்தில் பிலாலி முஹம்மது என்ற அடிமை இருந்தார், மேற்கு ஆப்பிரிக்காவின் ஃபூத்தா ஜல்லோனிலிருந்து வந்தவர். அவர் கைப்பட எழுதிய 13 பக்க அரபிக் கையெழுத்துப் பிரதி ஒன்று மிஞ்சியிருக்கிறது. அவருடைய நாட்குறிப்பு என்றே வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தார்கள். படித்துப் பார்த்தால், சிறுவயதில் ஊர் மதரஸாவில் ஓதிய, மாலிகி என்ற இஸ்லாமியச் சட்டப் பிரிவின் நூலிலுள்ள பகுதிகள். உளூ (தொழுகைக்கு முன் கை, முகம், கால் கழுவுவது) செய்வது எப்படி, தொழுகைக்கு அழைப்பது எப்படி என்பவை அதில் இருக்கின்றன. கடல் கடந்து அடிமையாகப் போன ஒரு பிலாலி, நினைவிலிருந்து எழுதி வைத்தது தண்ணீரையும் பாங்கையும் பற்றி.

1975-இல் வாரிஸ் தீன் முஹம்மது தன் தந்தைக்குப் பிறகு ‘நேஷன் ஆஃப் இஸ்லாம்’ என்ற கறுப்பின முஸ்லிம் இயக்கத்தின் தலைமைக்கு வந்தபோது, கறுப்பின அமெரிக்கர்களை ‘பிலாலியர்கள்’ என்று அழைக்கத் தொடங்கினார். இயக்கத்தின் பத்திரிகையும் ‘பிலாலியன் நியூஸ்’ என்று பெயர் மாறியது.

நம் பக்கத்தில்?

நம் ஊர்களில் பாங்கு சொல்பவரை மோதினார் என்போம். பல பள்ளிவாசல்களில் ‘பிலால்’ என்றே சொல்வதும் உண்டு. தமிழக அரசின் உலமாக்கள் நல வாரியத்தில் சேரத் தகுதியுள்ளவர்களின் பட்டியலில் ஆலிம்கள், பேஷ் இமாம்கள், மோதினார்கள் என்ற வரிசையில் பிலால்களும் வருவார்கள். மலாய் மொழியில் இது இன்னும் உறுதி: ‘பிலால்’ என்றால் பாங்கு சொல்பவர், அகராதிச் சொல்லே அதுதான். மலேசியா, சிங்கப்பூர் தமிழ் முஸ்லிம்களுக்கு இது நன்றாகத் தெரியும். பிள்ளைக்கு இந்தப் பெயர் வைத்தால், “எந்தப் பள்ளிக்குப் பிலால்?” என்று யாராவது சிரித்துக்கொண்டே கேட்பார்கள், அதற்குத் தயாராக இருங்கள்.

எப்படி உச்சரிப்பது, எப்படி எழுதுவது?

முதல் எழுத்து ‘பிரியாணி’ என்பதில் வரும் மெல்லிய ‘பி’. இரண்டாவது எழுத்து நெடில், அழுத்தம் அங்கேதான்: பி-லா-ல். ‘பில்லால்’ இல்லை, ‘பலால்’ இல்லை.

தமிழில் கடைசி எழுத்து ‘ல்’. சின்ன விஷயம்தானே என்று விட்டுவிடாதீர்கள். எங்கள் பிள்ளையின் பிறப்புச் சான்றிதழில் ‘பிலாள்’ என்று அச்சாகி வந்தது, திருத்துவதற்கு மூன்று முறை நடந்தோம். ஆங்கிலத்தில் பி, ஐ, எல், ஏ, எல் என்ற ஐந்தெழுத்து போதும். கூடுதலாக ஒரு ‘ஏ’ போட ஆசைப்பட்டால், ஆதார், பள்ளிச் சான்றிதழ், பாஸ்போர்ட் எல்லாவற்றிலும் அதே மாதிரி வரும்படி பார்த்துக்கொள்ளுங்கள். பின்னால் வளைகுடாவுக்கு விசா எடுக்கும்போது அந்த ஒரு எழுத்து பெரிய தலைவலி.

சேர்த்து வைக்க எந்தப் பெயர் பொருந்தும்?

முஹம்மது பிலால், அஹ்மது பிலால் இரண்டும் வழக்கத்தில் உள்ளவை. தனியாக ‘பிலால்’ என்றாலே எனக்கு நிறைவாக இருக்கிறது.

குர்ஆனில் இந்தப் பெயர் வருகிறதா?

வரவில்லை. நபித்தோழர்களில் குர்ஆனில் பெயர் சொல்லப்பட்டவர் ஸைத் (ரலி) ஒருவரே (33:37). ஆனால் பிலாலுக்குக் கிடைத்த ஒரு நற்செய்தி புகாரியில் இருக்கிறது. “சொர்க்கத்தில் எனக்கு முன்னால் உம் செருப்பின் ஓசையைக் கேட்டேன், அப்படி என்ன அமல் (நற்செயல்) செய்கிறீர்?” என்று ஒரு ஃபஜ்ர் (அதிகாலைத் தொழுகை) நேரத்தில் நபிகளார் கேட்டார்கள். “இரவோ பகலோ, எப்போது உளூ செய்தாலும் என்னால் முடிந்த அளவு தொழாமல் இருந்ததில்லை” என்றார் பிலால். கை, முகம், கால் நனைந்தால் உடனே தொழுகை.

அவருடைய கடைசிக் காலம்?

632-இல் நபிகளார் மறைந்த பிறகு அவரால் மதீனாவில் இருக்க முடியவில்லை, ஷாம் தேசத்துக்கு (சிரியா பகுதி) போய்விட்டார். உமர் (ரலி) அங்கே வந்தபோது கேட்டுக்கொண்டதற்காக ஒருமுறை பாங்கு சொன்னார் என்றும், கேட்டவர்கள் எல்லோரும் அழுதார்கள் என்றும் வரலாற்று நூல்கள் சொல்கின்றன. ஏறத்தாழ 640-இல் இறந்தார். டமாஸ்கஸின் பாபுஸ் ஸகீர் அடக்கஸ்தலத்தில் அவர் பெயரில் உள்ள கப்ரை (கல்லறையை) இன்றும் மக்கள் ஸியாரத் (தரிசனம்) செய்கிறார்கள்.

பெயர் வைக்கும்போது தனியாக ஏதும் செய்ய வேண்டுமா?

எல்லாப் பிள்ளைகளுக்கும் செய்வதுதான். ஏழாம் நாள் பெயர், முடிந்தவர்களுக்கு அகீகா (பிள்ளைக்காக ஆடு அறுத்துக் கொடுப்பது). வலது காதில் பாங்கு, இடது காதில் இகாமத் (தொழுகை தொடங்குவதை அறிவிக்கும் வாசகங்கள்) சொல்வது நம் வழக்கம்.

எங்கள் வீட்டில் பிள்ளையின் வாப்பா குனிந்து மெதுவான குரலில் பாங்கு சொன்னார். மதீனாவில் அந்த வீட்டு மாடியிலிருந்து கேட்ட அதே வாசகங்கள். பிள்ளை கண்ணைச் சுருக்கிக்கொண்டு கேட்டது. அப்புறம் உம்மம்மா, ஹஜ்ஜுக்குப் போய் வந்தவர்கள் கொடுத்த ஜம்ஜம் தண்ணீரைச் சின்னக் கிண்ணத்தில் ஊற்றி, பேரீச்சம்பழத்தைக் கரைத்து, சுண்டுவிரலைத் தோய்த்துப் பிள்ளையின் நாக்கில் வைத்தார். அது உதட்டைச் சப்புக்கொட்டி, இன்னும் வேண்டும் என்பதுபோல வாயைத் திறந்தது. “தொண்டை நனைஞ்சிருச்சு, இனி பேரைச் சொல்லிக் கூப்பிடுங்க” என்றார் உம்மம்மா. அந்தப் பெயருக்கு என்ன பொருள் என்று அவரிடம் நாங்கள் அதுவரை சொல்லியிருக்கவில்லை.